பலகை ஒன்று, பொழுது ஆறு: ஹிரோஷி யோஷிடாவின் வண்ண மரச்செதுக்கு ஓவியங்கள்

நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என வகுத்தது தொல்காப்பியம். நிலம் அப்படியே இருக்கப் பொழுது மட்டும் மாறினால் பாட்டின் உயிரே மாறிவிடும் என்பதைப் பழம்புலவர் நன்கறிந்திருந்தனர். அதே கடற்கரை எற்பாட்டில் ஒன்றாகவும் யாமத்தில் வேறொன்றாகவும் தோன்றுகிறது. மணலும் புன்னையும் இடம்பெயர்வதில்லை, ஒளி இடம்பெயர்கிறது. சொல்லால் செய்யப்பட்ட இக்காரியத்தை மரப்பலகையாலும் நீர்வண்ணத்தாலும் செய்துகாட்டியவர் ஜப்பானிய ஓவியர் ஹிரோஷி யோஷிடா. 1926ஆம் ஆண்டில் அவர் வெளியிட்ட 'பாய்மரப் படகுகள்' என்னும் வரிசையில் ஆறு படங்கள் உள்ளன. காலை, முற்பகல், பிற்பகல், மூடுபனி, மாலை, இரவு என்பன அவற்றின் பெயர்கள். ஆறிலும் அதே படகு, அதே பாய், நீரில் விழும் அதே நிழல். அடிப்படையில் ஒரே பலகைத் தொகுதியைக் கொண்டு, தடவும் வண்ணத்தை மட்டும் மாற்றி அவை அச்சிடப்பட்டன.

சிறுபொழுதை ஆறெனக் கொள்வாரும் உளர், ஐந்தெனக் கொள்வாரும் உளர். யோஷிடாவின் எண்ணிக்கை ஆறாக அமைந்தது தற்செயலே. அதனைக் கொண்டு எதனையும் நிறுவ முற்படுவது வீண். ஆயினும் மூடுபனியை அவர் ஒரு பொழுதாக எண்ணியது சுவையானது. முன்பனி, பின்பனி என்று பனியையே காலப்பெயராக்கிய மொழிக்குரியவர்க்கு இது விந்தையாகத் தோன்றாது.

காலையில் பாய் பொன்னிறமேறி நிற்கிறது. மூடுபனியில் பின்னிருக்கும் படகுகள் கரைந்து, முன்னிருப்பதன் உருவம் மட்டும் மிதக்கிறது. இரவில் நீரும் வானும் ஒரே நீலத்தில் அடங்கிவிடுகின்றன. ஆறையும் அடுத்தடுத்து வைத்துக் காண்பவர், படகோட்டி ஒரு பகலும் ஓர் இரவும் கரையேறாமல் அங்கேயே நின்றான் போலும் என்று எண்ணத் தலைப்படுவார். இவ்விளைவு எங்கிருந்து பிறக்கிறது என்பதை உணரவேண்டுமானால், ஜப்பானிய மரச்செதுக்கு அச்சு முறையைச் சிறிதளவேனும் அறிந்துகொள்ள வேண்டும்.

ஓவியர் மெல்லிய தாளில் வரைந்து தந்த கோட்டுருவத்தைச் செதுக்குநர் மலைச்செர்ரி மரப்பலகையின் மீது முகங்கவிழ்த்து ஒட்டுவார். கோடுகளை மட்டும் மேடாக விட்டு, ஏனைய இடங்களை அகழ்ந்தெடுப்பார். இது மூலப்பலகை. இதிலிருந்து எடுத்த படிகளில் எந்த இடத்துக்கு எந்த வண்ணம் என்று ஓவியர் குறித்துத் தருவார். அதன்படி வண்ணத்துக்கொரு பலகை செதுக்கப்படும். ஒவ்வொரு பலகையின் ஓரத்திலும் தாளை வைத்துப் பொருத்துவதற்கான சிறு வெட்டுகள் உண்டு. அவை மயிரிழை பிசகினாலும் கூரை ஓரிடத்திலும் அதன் நிறம் வேறிடத்திலும் விழுந்துவிடும். அச்சிடுநர் பலகை மீது நீரில் கரைத்த வண்ணத்தையும் அரிசிப் பசையையும் தூரிகையால் பரப்பி, ஈரமேற்றிய தாளை அதன்மேல் இட்டு, மூங்கில் மடலால் பொதிந்த வட்டமான தேய்ப்பானால் பின்புறம் அழுத்தித் தேய்ப்பார். எந்திரம் எதுவும் இல்லை. அழுத்தத்தின் அளவை அறிவது தோளும் உள்ளங்கையுமே.

அடிவானத்தில் கருநீலம் மெல்லமெல்ல வெளுத்து வருவதை இப்படங்களில் காண்கிறோம். அது பலகையில் செதுக்கப்பட்டதன்று. அச்சிடுநர் பலகையின் ஒரு பகுதியை ஈரத்துணியால் நனைத்து, தூரிகையின் ஒரு முனையில் மட்டும் வண்ணமேற்றி, ஒவ்வொரு தாளுக்கும் புதிதாகச் செய்வது. நூறு படிகள் எடுத்தால் நூறு தடவை அந்த அந்திவானம் ஒருவர் கையால் உண்டாக்கப்பட வேண்டும். ஆகவே கோடும் உருவமும் செதுக்குநரிடம் உறுதிப்பட்டுவிட, பொழுது மட்டும் அச்சிடுநரின் கையில் எஞ்சி நிற்கிறது. யோஷிடாவின் கலைவாழ்வு முழுவதையும் இவ்வோர் உண்மையை வைத்தே விளக்கிவிடலாம். பொழுதைத் தம் வசப்படுத்த விரும்பிய ஓவியர், அச்சுக்கூடத்தையும் தம் வசப்படுத்த வேண்டியவரானார்.

யோஷிடா 1876ஆம் ஆண்டு செப்டம்பர் 19ஆம் நாள் கியூஷு தீவின் குருமே நகரில், உயேடா என்னும் குடும்பத்தில் பிறந்தார். 1891இல் ஓவிய ஆசிரியரான கசபுரோ யோஷிடா அவரை மகவேற்புச் செய்துகொண்டார். கியோட்டோவில் சிறிது காலம் பயின்றபின், 1894இல் டோக்கியோ சென்று கொயாமா ஷோதாரோவின் பயிற்சிக்கூடத்தில் சேர்ந்தார். அங்கு உடன்பயின்றோர் அவருக்கு இட்ட பெயர் 'ஓவியப் பேய்' என்பது. அவர் அந்நாளில் கற்றது மரச்செதுக்கு அன்று. மேலைநாட்டு முறையிலான எண்ணெய் வண்ணமும் நீர்வண்ணமுமே. ஐம்பது வயதை நெருங்கும் வரை அவர் தம்மை அவ்வகை ஓவியராகவே கருதிவந்தார்.

1899இல் நண்பர் ஹச்சிரோ நாககாவாவுடன் அமெரிக்கா சென்றார். கையிலிருந்தது பயணச்செலவுக்கே போதாத பணமும் ஒரு கட்டு நீர்வண்ண ஓவியங்களும். டெட்ராய்ட் நகரில் தாம் காண எண்ணிய சேகரிப்பாளர் ஊரில் இல்லாமற்போக, அந்நகரக் கலைக்கூடத்தின் இயக்குநர் கிரிஃபித் அவ்வோவியங்களைப் பார்த்து வியந்து கண்காட்சிக்கு ஏற்பாடு செய்தார். படங்கள் விற்றன, பாஸ்டனிலும் விற்றன. அப்பணத்தைக் கொண்டு ஐரோப்பாவையும் சுற்றிப்பார்த்து 1901இல் இருவரும் நாடு திரும்பினர். மறு ஆண்டு பசிபிக் ஓவியர் கழகம் என்னும் பொருள்படும் அமைப்பு தோன்றியபோது, அதை உருவாக்கியவர்களுள் யோஷிடாவும் ஒருவராக இருந்தார்.

இரண்டாம் பயணம் 1903 முதல் 1907 வரை நீண்டது. இம்முறை உடன் சென்றவர் ஃபூஜியோ. கசபுரோவின் மகளும், அம்முறையில் ஹிரோஷிக்குத் தங்கையும் ஆன அவருக்கு அப்போது வயது பதினாறு. அமெரிக்க நகரங்களில் அண்ணன், தங்கை என்றே இருவரின் ஓவியங்களும் ஒன்றாகக் காட்சிக்கு வைக்கப்பட்டன. 1907இல் திரும்பியதும் இருவரும் மணந்துகொண்டனர். நட்சுமே சோசெகி 1908இல் எழுதிய 'சன்ஷிரோ' என்னும் நாவலில், நெடுங்காலம் வெளிநாடு சுற்றிவந்த அண்ணன் தங்கையின் கண்காட்சி ஒன்று வருகிறது. கதைத்தலைவன் வெனிஸ் நகரப் படங்களைப் பார்த்துக்கொண்டே நடக்கிறான். அவற்றைத் தீட்டியவர் இருவர் என்பதே அவனுக்குத் தெரியவில்லை. உடன்வந்த பெண் அண்ணனின் கை தேர்ந்தது என்று சொல்லும்போதுதான் விழிக்கிறான். இப்பகுதிக்கு யோஷிடா இணையரே மூலம் என்பது ஆய்வாளர் கருத்து. ஓர் இளைஞனின் கவனமின்மையைக் காட்ட எழுதிய அக்காட்சி, ஃபூஜியோவின் அடுத்த ஐம்பது ஆண்டுகளைப் பற்றிய ஆருடம் போல அமைந்துவிட்டது. 1918இல் பெண் ஓவியர்களுக்கென ஒரு சங்கம் உருவானபோது அதன் நிறுவன உறுப்பினருள் ஒருவராக அவர் இருந்தார். ஆயினும் கணவர் வாழ்ந்த காலம் வரை அவரது பெயர் பெரும்பாலும் கணவர் பெயரின் பின்னிணைப்பாகவே வழங்கிற்று.

மரச்செதுக்கு யோஷிடாவின் வாழ்வில் நுழைந்தது 1920இல். வெளியீட்டாளர் ஷோசபுரோ வத்தனாபே, நலிந்துபோயிருந்த பழைய 'உக்கியோ-யே' அச்சுக்கலையைப் புதிய ஓவியர்களைக் கொண்டு மீண்டும் தழைக்கச் செய்ய முனைந்திருந்த காலம் அது. மெய்ஜி ஆலயத்தின் தோட்டத்தை வரைந்துதருமாறு அவர் யோஷிடாவைக் கேட்டார். தொடர்ந்து சில படங்கள் வந்தன. 1921இல் வெளிவந்த பாய்மரப் படகுகளும் அவற்றுள் அடங்கும். இம்முறையில் ஓவியர் வரைந்து கொடுப்பதோடு அவர் பணி ஏறக்குறைய முடிந்துவிடும். செதுக்குநரும் அச்சிடுநரும் வெளியீட்டாளரின் ஆட்கள். எத்தனை படி, என்ன நிறம், எப்போது நிறுத்துவது என்பவற்றில் கடைசிச் சொல் அவருடையது. ஹிரோஷிகேயின் காலத்திலும் நிலைமை இதுவே. அவருடைய புகழ்பெற்ற படங்களின் பிற்பதிப்புகளில் மேகமும் அந்தியும் காணாமற்போவதுண்டு. செலவைக் குறைக்க விரும்பிய வெளியீட்டாளர் ஓவியரைக் கேட்டுக்கொண்டிருக்கவில்லை.

1923 செப்டம்பர் முதல் நாள் நண்பகலுக்குச் சற்று முன் டோக்கியோவையும் யோகஹாமாவையும் பெருநிலநடுக்கம் தாக்கியது. மதிய உணவுக்காக மூட்டிய அடுப்புகளிலிருந்து பரவிய தீ, நடுக்கத்துக்குத் தப்பியவற்றையும் விழுங்கியது. வத்தனாபேயின் கடையும், அங்கிருந்த அச்சுப்படிகளும், யோஷிடாவின் படங்களுக்குரிய பலகைகள் யாவும் சாம்பலாயின. மூன்றாண்டு உழைப்பில் எஞ்சியது விற்றுப்போன படிகள் மட்டுமே.

யோஷிடாவின் வீடு தப்பியது. ஆனால் அவருடைய கழகத்து ஓவியர் பலர் அனைத்தையும் இழந்து நின்றனர். அவர்களுக்கு உதவ, எஞ்சிய ஓவியங்களைத் திரட்டிக்கொண்டு ஆண்டிறுதியில் ஃபூஜியோவுடன் மீண்டும் அமெரிக்கா சென்றார். இருபதாண்டுகளுக்கு முன் விரும்பி வாங்கப்பட்ட ஜப்பானிய எண்ணெய் ஓவியங்களை இப்போது கேட்பாரில்லை. ஆனால் மரச்செதுக்குப் படங்களுக்கு நல்ல வேட்கை இருந்தது. தரங்குறைந்த பழம்படிகளையும் பழக்கமற்ற கைகள் செய்த போலிகளையும் மேலைநாட்டார் ஆவலோடு வாங்குவதை அவர் கண்டார். தாம் நெடுநாள் பொருட்படுத்தாதிருந்த தம் நாட்டுக் கலையின் மதிப்பை அயலூர்க் கடைத்தெருவில் அறிந்துகொண்டார் என்று சொன்னால் மிகையாகாது. இதில் வணிகக் கணக்கும் இருந்தது. அதனை மறைத்து எழுதும் வரலாற்றாசிரியர்கள் அவருக்கு நன்மை செய்தவராகார். வணிகக் கணக்கு மட்டுமே இருந்திருந்தால், திரும்பியதும் வத்தனாபேயிடமே சென்றிருப்பார்.

அவர் அவ்வாறு செய்யவில்லை. 1925இல் நாடு திரும்பியதும் செதுக்குநரையும் அச்சிடுநரையும் தாமே அமர்த்திக்கொண்டு, தம் வீட்டிலேயே கூடம் அமைத்தார். அப்போது அவருக்கு வயது நாற்பத்தொன்பது. அவ்வாண்டிலேயே அமெரிக்க வரிசையும் ஐரோப்பிய வரிசையும் வெளிவந்தன. கிராண்ட் கேன்யன், ரெய்னியர் மலை, மேட்டர்ஹார்ன் சிகரம், ஏதென்சின் இடிபாடுகள், எகிப்தின் ஸ்ஃபிங்க்ஸ் எனக் காட்சிகள் விரிந்தன. மேட்டர்ஹார்னுக்கும் ஏதென்சுக்கும் ஸ்ஃபிங்க்ஸுக்கும் பகற்படம் ஒன்றும் இராப்படம் ஒன்றுமாக அச்சிடப்பட்டன. தமக்கெனக் கூடம் கிடைத்த முதலாண்டிலேயே பொழுதை மாற்றிப்பார்க்கும் ஆசை வெளிப்பட்டுவிட்டது. மறு ஆண்டு, தீயில் போன பாய்மரப் படகுகளை மீண்டும் செதுக்கி ஆறு பொழுதாக விரித்தார்.

இக்காலத்துப் படங்களின் இடப்பக்க விளிம்பில் சிறு முத்திரை ஒன்று காணப்படும். 'ஜிசுரி' என்று அதில் பொறித்திருக்கும். 'தானே அச்சிட்டது' என்பது பொருள். இன்று சேகரிப்பாளர் முதலில் தேடுவது இம்முத்திரையைத்தான். ஆனால் அதன் சொற்பொருளை அப்படியே நம்பிவிடலாகாது. தேர்ந்த அச்சிடுநர் அக்கூடத்தில் பணியாற்றினர். படிகளில் மிகப்பல அவர்கள் கையால் ஆனவை. யோஷிடா அருகிருந்து நிறங்கூட்டி, ஈரம் பார்த்து, தவறியவற்றைக் கழித்து, தேறியவற்றுக்கு முத்திரையிட்டார். கைவினைஞரை நடத்த விரும்பும் ஓவியர் அவ்வேலையில் அவர்களுக்குக் குறையாத தேர்ச்சி பெற்றிருக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. அதற்காகச் செதுக்கவும் அச்சிடவும் தாமே கற்றார். 1928இல் வெளிவந்த 'விரைநீர்' என்னும் பெரிய படத்தின் நீர்ச்சுழல்களை அவர் பிறரிடம் விடாமல் தாமே செதுக்கினார். தாள் பெரிதாகப் பெரிதாக ஈரத்தில் அது விரிவதும் சுருங்குவதும் மிகும். பலகைக்குப் பலகை பொருத்துவது கடினமாகும். அத்துணைப் பெரிய அளவில் ஓடும் நீரை மரத்தில் பிடிப்பதற்குத் துணிந்தவர் அவருக்கு முன் அரியர்.

அந்நாளில் ஜப்பானில் இத்துறையினர் இரு கட்சியாகப் பிரிந்து நின்றனர். வத்தனாபேயைச் சார்ந்தோர் 'புதிய அச்சு' என்ற பெயரில் பழைய வேலைப்பகுப்பைப் போற்றினர். மறுபுறத்தார், 1904இல் கனாயே யமமோட்டோ தாமே வரைந்து செதுக்கி அச்சிட்ட மீனவர் படத்தை முன்மாதிரியாகக் கொண்டு, மூன்று பணியும் ஒருவர் கையாலேயே நடக்க வேண்டும் என்றனர். அதுவே படைப்பு, பிற வெறும் தொழில் என்பது அவர்கள் வாதம். யோஷிடா இரண்டிலும் அடங்கவில்லை. தனியொருவர் கையால் மட்டும் செய்தால் தாம் வேண்டும் நுட்பம் கிட்டாது என்பதை அவர் அறிவார். பல படங்களுக்கு ஒரே தாள் முப்பது தடவைக்கும் மேலாகப் பலகைகளில் ஏறி இறங்கிற்று. வெளியீட்டாளரிடம் ஒப்படைத்தால் பொழுது தம் கைவிட்டுப் போகும் என்பதையும் அறிவார். இரண்டுக்கும் நடுவே அவர் கண்ட வழி, பிறர் கையில் தம் கண்ணைக் குடியேற்றுவது.

இவ்வழிக்கு ஒரு விலை உண்டு. தமிழகத்துச் செப்பேடுகளில் ஆவணத்தை வெட்டிய கைவினைஞன் தன் பெயரையும் இறுதியில் பொறித்துக்கொள்வதுண்டு. மன்னன் பெயருக்கும் அவன் பெயருக்கும் இடையே பல முழ நீளமான வாசகம் இருக்கலாம். ஆயினும் பெயர் இருக்கிறது. ஏடெழுதியோரும் இறுதி ஓலையில் தம் பெயரைக் குறித்து, பிழை பொறுக்க வேண்டியதுண்டு. யோஷிடாவின் படங்களின் விளிம்பில் ஓவியரின் கையொப்பமும் முத்திரையும் இருக்கின்றன. மேலைநாட்டுக்குச் செல்லும் படிகளில் ஆங்கிலத்திலும் பெயர் உண்டு. செதுக்கியவர் பெயரோ, அந்தியை நூறு தடவை வானத்தில் படரவிட்டவர் பெயரோ அவ்விளிம்பில் இல்லை. 'தானே' என்ற ஒரு சொல் அவர்கள் அனைவரையும் தன்னுள் அடக்கிக்கொண்டது.

மலை அவருக்குப் பெரும்பித்து. ஜப்பானிய ஆல்ப்ஸ் மலைத்தொடரில் ஆண்டுதோறும் ஏறி, பொழுது புலர்வதைக் காணக் கூடாரத்தில் காத்திருப்பார். 1926இல் பிறந்த இரண்டாம் மகனுக்கு ஹொடகா என்ற சிகரத்தின் பெயரையே சூட்டினார். அவ்வாண்டிலேயே அம்மலைகளின் பன்னிரு காட்சிகளும் வெளிவந்தன. மூத்தவர் டோஷி 1911இல் பிறந்தவர். இளம்பருவ நோயால் ஒரு கால் செயலிழந்தவர். அவரையே தந்தை நெடும்பயணங்களுக்கு உடன் அழைத்துச் சென்றது குறிப்பிடத்தக்கது.

அவ்வாறான பயணங்களில் ஒன்று 1930ஆம் ஆண்டின் இறுதியில் தொடங்கி அடுத்த ஆண்டின் முற்பகுதி வரை நடந்த இந்திய, தென்கிழக்காசியப் பயணம். தந்தையும் பத்தொன்பது வயது மகனும் கஞ்சன்ஜங்காவின் புலரியையும் காசியின் படித்துறைகளையும் எல்லோராவின் கயிலாயத்தையும் அஜந்தாவையும் சாஞ்சியின் வாயிலையும் அமிர்தசரசின் பொற்கோயிலையும் உதயபூரின் நீர்மாளிகைகளையும் கண்டு வரைந்தனர். பிறந்த படங்கள் முப்பத்திரண்டு. 1931, 1932 ஆண்டுகளில் அச்சாயின. தாஜ்மகால் மட்டும் பல பொழுதுகளில் பல படமாயிற்று. மதுரைப் பெருங்கோயிலும் இவ்வரிசையில் இடம்பெற்றுள்ளது. மீனாட்சியம்மையின் திருக்கோயில் செர்ரி மரப்பலகையில் செதுக்கப்பெற்று டோக்கியோவில் அச்சேறியது தமிழர் பலர் அறியாத செய்தி. இவ்வரிசையின் முடிமணி எனத்தக்கது 'ஃபத்தேபூர் சிக்ரியில் ஒரு சாளரம்'. கல்லில் இழைத்த சல்லடைப் பலகணியின் வழியே ஒளி உள்ளே வழிகிறது. அதன்முன் இருவர் அமர்ந்திருக்கின்றனர். கல், நிழல், தரை ஆகிய எல்லாமே ஒரு தேன்நிறத்தில் தோய்ந்துள்ளன. ஒளியை வரைவதற்குப் பதிலாக, ஒளிபடாத இடங்களையெல்லாம் சாம்பல்நிறப் பலகைகளால் அடுக்கடுக்காக அடக்கி, ஒளியை எஞ்சவிட்டிருக்கிறார்.

இங்கு ஒன்றைக் கேட்டாக வேண்டும். யோஷிடா இந்தியாவுக்கு வந்தது எந்த இந்தியா? 1930ஆம் ஆண்டின் வேனிலில் தண்டியிலும் வேதாரணியத்திலும் உப்புக் காய்ச்சியோர் சிறைப்பட்டிருந்தனர். அவர் இங்கிருந்த நாட்களிலேதான், 1931 சனவரியில், காந்தியடிகள் விடுதலையானார். நாடு முழுதும் கொந்தளித்த அம்மாதங்களின் சுவடு ஒன்றேனும் முப்பத்திரண்டு படங்களில் இல்லை. மாடங்களும் மணற்பரப்பும் பனிச்சிகரங்களும் உண்டு; அவற்றின் காலடியில் அளவுகோல் போலச் சிறு மனித உருவங்கள் உண்டு. பயணியின் கண் அது. அழகைத் தேடி வந்த கண்.

தமிழ் மரபில் நிலமும் பொழுதும் தம்பொருட்டு நிற்பவையல்ல. கருப்பொருள் அவற்றைத் தாங்க, இரண்டும் சேர்ந்து உரிப்பொருளைத் தாங்குகின்றன. மாலை வருவது முல்லைத் தலைவி காத்திருப்பதற்காக. யோஷிடாவிடம் முதற்பொருள் முழுமை பெற்றிருக்கிறது; கருப்பொருளும் குறைவின்றி உண்டு. உரிப்பொருள் வரவேண்டிய இடத்தில் ஓர் அமைதி நிற்கிறது. அந்த அமைதியைத் தியானம் என்று போற்றுவோர் பலர். சிலவேளை அது தியானமே. பாய்மரப் படகுகளில் ஐயமில்லை. வேறு சிலவேளை அது பார்க்க மறுத்ததன் பெயராகவும் இருக்கிறது. கவிஞர்க்கும் இவ்விரண்டையும் பிரித்தறிவது எளிதன்று.

1936இல் அவர் கொரியாவுக்கும் மஞ்சூரியாவுக்கும் சென்றார். கொரியா 1910 முதல் ஜப்பானின் ஆட்சியில் இருந்தது. மஞ்சூரியா 1931இல் படையால் கைப்பற்றப்பட்டது. 1937இல் வெளிவந்த அப்பயணப் படங்களில் கோட்டை வாயில்களும் கடைத்தெருக்களும் அதே ஒளியமைதியில் நிற்கின்றன. ஆள்வோரின் நாட்டிலிருந்து வந்த ஓவியர் ஆளப்படுவோரின் ஊரை வரைகிறார் என்பதைப் படம் சொல்லாது. ஆண்டைப் பார்த்தே அறிய வேண்டும். 1938 முதல் 1940 வரை போர் ஓவியராகச் சீனத்துக்கும் சென்றுவந்தார். அவரைப் போற்றி எழுதும் நூல்கள் இப்பகுதியை ஓரிரு வரிகளில் கடந்துவிடுகின்றன. 1939இல் ஆங்கிலத்தில் அவர் வெளியிட்ட 'ஜப்பானிய மர அச்சுக்கலை' என்னும் நூல் இதே ஆண்டுகளுக்குரியது. மரம், தாள், பசை, தூரிகை, தேய்ப்பான் என ஒவ்வொன்றையும் ஒளிவுமறைவின்றி விளக்கும் அந்நூலைக் கைவினைஞர் இன்றும் புரட்டுகின்றனர். தொழில் இரகசியத்தை அயலாருக்குக் கற்றுத்தர அஞ்சாத அவ்வுள்ளமும் போர்க்களத்துக்குப் படைகளோடு சென்ற அவ்வுள்ளமும் ஒருவருடையவையே.

போர் முற்றியபின் மரச்செதுக்குப் பணி நின்றுபோயிற்று. 1945இல் தோல்வியுற்ற டோக்கியோவில் யோஷிடாவின் வீடு இடியாமல் நின்றது. ஆக்கிரமிப்புப் படையைச் சேர்ந்த அமெரிக்கரும் அவர்தம் மனைவியரும் அவ்வீட்டுக்கு வந்து, தரையில் அமர்ந்து, பலகையிலிருந்து தாள் உரிந்து வருவதைப் பார்த்துச் சென்றனர். 1946இல் ஒரே ஒரு புதிய படம் வெளிவந்தது. அதன் பெயர் 'குடியானவர் வீடு'. பனிமலையும் வெளிநாட்டு மாளிகையும் வரைந்தவர் இம்முறை ஓர் எளிய வீட்டின் இருண்ட உட்புறத்துக்குள் நுழைந்தார். இருநூற்றைம்பதுக்கும் மேற்பட்ட அவருடைய மரச்செதுக்குப் படங்களின் வரிசை அதோடு முடிந்தது. உரிப்பொருளின் வாசற்படியை அவர் மிதித்தது அப்போதுதான் என்று கொள்வாரை மறுக்க இயலாது.

1950 ஏப்ரல் 5ஆம் நாள் யோஷிடா மறைந்தார். அதன்பின் ஃபூஜியோ தம் அறுபதுகளில் மரச்செதுக்கை மேற்கொண்டார். 1953ஐ ஒட்டிய ஆண்டுகளில் அவர் செய்தவை மலர்களின் அண்மைக் காட்சிகள். இதழ்களின் வளைவு தாளையே நிறைத்துவிட, பூ என்ற பெயரும் மறைந்து நிறமும் வடிவும் மட்டும் எஞ்சும். கணவர் செய்த எதனையும் அவை ஒத்திருக்கவில்லை. சன்ஷிரோவைப் போன்ற ஒருவர் இப்போது அக்கூடத்துள் நடந்தால் இருவர் கையையும் ஒன்றென மயங்க வழியில்லை. நூறாண்டை எட்டும் தறுவாயில் 1987இல் அவர் காலமானார். டோஷியும் ஹொடகாவும் ஹொடகாவின் மனைவி சிசுகோவும் பேத்தி அயோமியும் அச்சோவியராகவே வாழ்ந்தது அக்குடும்பத்தின் தொடர்ச்சி.

யோஷிடாவின் பலகைகளில் பல அழியாமல் எஞ்சின. அவர் மறைவுக்குப் பின்னும் அவற்றிலிருந்து டோஷியின் மேற்பார்வையில் படிகள் எடுக்கப்பட்டன. கோடுகள் அதே கூர்மையுடன் விழுகின்றன. பாயின் நிழல் நீரில் அதே இடத்தில் விழுகிறது. நிறம் மட்டும் சற்றே வேறு. அப்படிகளின் இடப்பக்க விளிம்பில், முத்திரை இருக்க வேண்டிய இடம் வெறுமையாக விடப்பட்டுள்ளது.